நான் வெட்டிய சிரிப்புகள்

பதினொரு வருஷம் என் பிழைப்பு, இருட்டறையில் உட்கார்ந்து எண்களைக் கத்துவது. “ரெண்டு... நாலு ரெடி... நாலு... மூணு உள்ள போ, போ, போதும்... மூணு!” வாசலில் டீயோடு நின்ற பையன் முதல் நாள், உள்ளே யாரோ தம்போலா ஆடுகிறார்கள் என்றே நினைத்தானாம். விசிட்டிங் கார்டில் மட்டும் ‘இயக்குநர், நகைச்சுவை நிகழ்ச்சி’ என்று போட்டிருந்தேன். ஒரு கல்யாணத்தில் மாமா ஒருவர் அதை வாங்கிப் பார்த்துவிட்டுக் கேட்டார்.

“ஜோக்கெல்லாம் நீங்கதான் எழுதுறதா மாப்ள?”

“இல்ல மாமா, அதுக்கு ரைட்டர் இருக்காங்க.”

“நடிக்கிறது?”

“அது வேற பசங்க.”

“கேமரா?”

“அஞ்சு பேர் இருக்காங்க.”

“அப்ப நீங்க?”

“எந்தக் கேமரான்னு சொல்லுவேன்.”

மாமா கார்டைத் தாம்பூலப் பைக்குள் போட்டுக்கொண்டு தேங்காயின் அளவைப் பார்க்க ஆரம்பித்துவிட்டார்.

அவர் பேரில் தப்பில்லை. 2005-ல் விஜய் டி.வி.யில் ‘கலக்கப் போவது யாரு?’ வந்து ஓடு ஓடென்று ஓடிய பிறகு, ஊரிலிருந்த சேனல்களுக்கெல்லாம் ஒரு மேடை, ஒரு மைக், இரண்டு நடுவர்கள், எதிரே ஒரு கூட்டம் தேவைப்பட்டது. அந்த அவசரத்தில் எனக்கும் ஒரு சுழல் நாற்காலி கிடைத்தது. எந்தச் சேனல் என்பது வேண்டாம். நான் செய்த கூத்துக்கு அவர்கள் என்ன செய்வார்கள், பாவம். அதற்கு முன்பு நான் எடுத்துக்கொண்டிருந்தது சமையல் நிகழ்ச்சி. வெங்காயம் வதங்கும்வரை ஒரே ஷாட்டில் காத்திருக்கத் தெரிந்தவனுக்குச் சிரிப்பு அடங்கும்வரை காத்திருக்கத் தெரியவில்லை என்பதுதான் இந்தக் கட்டுரையின் மொத்தக் கதை.

அந்த இருட்டறைக்கு பி.சி.ஆர். என்று பெயர். தளத்துக்கும் அதற்கும் நடுவே ஒரு சுவர், ஒரு நடைவழி, செருப்புக் கழற்றி விடும் இடம். எதிரே ஐந்து சின்ன மானிட்டர், ஒரு பெரிய மானிட்டர். என் வலப்பக்கம் ஸ்விட்சரில் விரல் வைத்துக்கொண்டு ‘ஆன்லைன்’ செய்கிற தம்பி. நான் எண்ணைச் சொன்னால் அவன் அந்தப் பொத்தானை அழுத்துவான். பின்னால் சவுண்டு மிக்ஸரோடு ஓர் அண்ணன். மயிலாப்பூர், தி.நகர் சபா நாடகங்களுக்கு மைக் கட்டியே தலை நரைத்தவர். ஹாலில் கூட்டம் சிரித்தால் அந்தச் சத்தம் எங்கள் தலைக்கு மேலே ஒரு சின்ன ஸ்பீக்கரில் வரும்.

அது எனக்குத் தொந்தரவாக இருந்தது. நான் “நாலு ரெடி” என்று சொல்லும்போதுதான் எண்பது பேர் சிரிப்பார்கள். நான் சொன்னது எனக்கே கேட்காது. முதல் வாரமே சொல்லிவிட்டேன்: “அண்ணே, ஆடியன்ஸக் கொஞ்சம் குறைங்க.” அவர் என்னை ஒரு தடவை பார்த்தார். குறைத்தார். இரண்டு வருஷம் அது குறைந்தே இருந்தது. வாசனை ஒத்துக்கொள்ளாதென்று மூக்கைப் பொத்திக்கொண்டு சமையல் போட்டிக்கு நடுவராகப் போனவன் போல, சிரிப்புச் சத்தம் ஆகாத ஒருவன் சிரிப்பு நிகழ்ச்சியை இயக்கிக்கொண்டிருந்தான்.

சத்தம் இல்லாமல் போனதும் எனக்கு வேலை சுலபமாகிவிட்டது. கையில் ஸ்கிரிப்ட் இருக்கிறது. வசனம் முடிந்தால் அடுத்த கேமரா. முடிந்தால் அடுத்தது. வாய்ப்பாடு மாதிரி ஓடும். ஹாலில் நடந்ததோ வேறு. சிரிப்பு ஒரு மேடு. ஏறும், உச்சியில் கொஞ்சம் நிற்கும், பிறகு இறங்கும். மேடையில் நிற்கிற பையன் அது பாதி இறங்கும்வரை அடுத்த வசனத்தை வாய்க்குள்ளேயே வைத்திருப்பான். உச்சியில் பேசினால் வசனம் மூழ்கிவிடும், முழுக்க அடங்கிய பிறகு பேசினால் மறுபடி முதலிலிருந்து சூடேற்ற வேண்டும். இதை அவனுக்கு யாரும் சொல்லித்தரவில்லை. கோயில் திருவிழாவில் நாலு தடவை கல்லடி பட்டால் தானே வரும். அவன் அப்படிக் காத்திருந்த நேரத்தில்தான், வசனம் முடிந்துவிட்டதே என்று நான் நடுவர், கூட்டம், மேல்கூரை சீரியல் லைட் என்று ஊர்வலம் போய்க்கொண்டிருந்தேன். வீட்டில் பார்க்கிறவனுக்குச் சிரிப்பு வரும்போதெல்லாம் படம் மாறும். புதுப் படத்தில் என்ன இருக்கிறது என்று கண் தேடும்போது வாய் மூடிக்கொள்ளும்.

அமெரிக்காவில் ஜேம்ஸ் பர்ரோஸ் என்று ஒருவர். ‘சியர்ஸ்’, ‘ஃப்ரெண்ட்ஸ்’, ‘வில் அண்ட் கிரேஸ்’ என்று ஆயிரம் எபிசோடுகளுக்கு மேல் இயக்கியவர். பெரும்பாலானவை ஜனங்களை எதிரே உட்கார வைத்து எடுத்தவை. பதிவு நடக்கும்போது மானிட்டரைக் கட்டிக்கொண்டு அழாமல், தளத்தில் முன்னும் பின்னும் நடந்துகொண்டே வசனத்தின் தாளத்தைக் காதால் கேட்பாராம். இதைப் படித்த அன்று, “எல்லாருக்கும் அவங்கவங்க ஸ்டைல்” என்று ஆன்லைன் தம்பியிடம் சொன்னது ஞாபகம் இருக்கிறது.

சவுண்டு அண்ணன் என்னிடம் ஒன்றும் விவாதிக்கவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை, “சும்மா வாங்க சார்” என்று ‘சாக்லேட் கிருஷ்ணா’வுக்கு அழைத்துப் போனார். கிரேஸி மோகன் எழுதி, 2008-ல் அரங்கேறி, நூற்றுக்கணக்கில் ஓடிக்கொண்டிருந்த நாடகம். ஒரு ஜோக்குக்கு நான் சிரித்து முடிப்பதற்குள் அடுத்த இரண்டு கடந்துவிட்டன. பக்கத்து இருக்கை மாமி, “விட்டதப் பிடிக்கத்தான் மூணாந்தரம் வந்திருக்கேன்” என்றார். அவ்வளவு வேகத்திலும் மேடையில் ஒருவர் புருவத்தை உயர்த்திக்கொண்டு கூட்டத்துக்காகக் காத்திருந்த இடங்கள் இருந்தன. அந்த இடங்களில் அண்ணன் என் தொடையில் ஒரு விரலால் தட்டிக்கொண்டே வந்தார். ஒன்று, இரண்டு, மூன்று... அப்போதுதான் அடுத்த வசனம் வரும். எனக்குப் புரிந்ததா? புரிந்தது மாதிரி தலையாட்டினேன். இடைவேளையில் போண்டா சாப்பிட்டோம்.

புரியவில்லை என்பது அடுத்த ஷெட்யூலில் வெளிச்சமானது.

தேனிப் பக்கத்துப் பையன்கள் இரண்டு பேர். இழவு வீட்டு ஸ்கிட். ஒருவன் மாலையோடு வந்து, நாற்காலியில் தலை கவிழ்ந்து உட்கார்ந்து, செத்துப்போன பெரியவரைப் பற்றி ஒப்பாரி வைக்கிறான். கடன் வாங்கியது, திருப்பித் தராதது, இனி யாரிடம் வாங்குவது என்று ஐந்து நிமிஷம். அழுகை உச்சத்துக்குப் போகும்போது, அவன் முதுகுக்குப் பின்னால் அந்தப் பெரியவரே ஒரு டம்ளர் காபியோடு வந்து நிற்கிறார். வந்தவன் வீடு மாறி வந்திருக்கிறான் என்று வைத்துக்கொள்ளுங்கள், அல்லது சேதியைத் தப்பாகக் கேட்டிருக்கிறான். அது முக்கியமில்லை. முக்கியம், அழுகிறவனும் டம்ளரும் ஒரே சட்டத்துக்குள் இருக்க வேண்டும். முன்னால் அழுகை, பின்னால் ஆவி பறக்கும் காபி. வேறொன்றும் தேவையில்லை. ஒரு குழந்தையைக் கேமராவுக்குப் பின்னால் நிறுத்தியிருந்தாலும் அப்படித்தான் எடுத்திருக்கும்.

எனக்குக் கேமரா மூணு, அழுகிறவன் முகத்தை நெருக்கத்தில் பிடித்துக் கொடுத்துவிட்டது. என்ன முகம் அது! கண்ணெல்லாம் சிவந்து, மூக்கு நுனியில் ஒரு துளி, விழவா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டு தொங்குகிறது. “மூணு ஹோல்ட்... மூணு ஹோல்ட்” என்று நான் உருகிக்கொண்டிருக்கும்போது சுவரைத் தாண்டி, ஸ்பீக்கர் இல்லாமலே, ஹால் இடிந்து விழுவது கேட்டது. பெரிய மானிட்டரில் அந்தத் துளி. “ஏன்டா சிரிக்கிறாங்க?” என்று கேட்டேன். தம்பி ஒன்றும் பேசாமல் கேமரா ஒண்ணின் மானிட்டரைக் காட்டினான். அதில் டம்ளர் வந்து நின்று, ஆவி அடங்கி, காபியை அந்தப் பெரியவரே குடிக்க ஆரம்பித்திருந்தார்.

அன்று மூன்று கேமராக்களின் படம்தான் தனித்தனியாகப் பதிவாகிக்கொண்டிருந்தது. ஒண்ணு அதில் இல்லை. சிக்கனம். ஆகவே, “ஒன் மோர்.”

எண்பது பேருக்குத் தெரிந்துபோன ஜோக்கை மறுபடி சொல்லிப் பார்த்திருக்கிறீர்களா? பையன் இரண்டாம் தடவையும் அழுதான். துளி வரவில்லை. காபியும் தீர்ந்துவிட்டது, வெறும் டம்ளர். பெரியவர் வந்து நின்றார். ஆட்களை அழைத்து வந்த ஏஜென்ட் அண்ணன் ஓரத்தில் நின்று இரண்டு கையையும் மேலே தூக்கினார். கூட்டம் சிரித்தது. பள்ளிக்கூடத்தில் இன்ஸ்பெக்டர் உள்ளே வரும்போது “வணக்கம் ஐயா” என்போமே, அந்த ராகத்தில்.

எடிட்டில் ஒரு சமயோசிதம் செய்தோம். படம் இரண்டாவது டேக், சிரிப்பு முதல் டேக்கிலிருந்து. பொருத்தும்போது எங்கேயோ முக்கால் விநாடி நழுவிவிட்டது. ஒளிபரப்பான இரவே என் அத்தை மதுரையிலிருந்து போன் செய்தார். “ஏன்டா, காபி வர்றதுக்கு முன்னாடியே சிரிக்கிறாங்களே, அவங்களுக்கு எப்பிடிடா தெரியும்?” நாடு முழுக்க ஒரே ஆள்தான் கண்டுபிடித்தார், அதுவும் என் குடும்பத்தில்.

பதிவுசெய்த சிரிப்பைத் தடவுவது நான் கண்டுபிடித்த பாவமில்லை. 1950-களிலேயே சார்லி டக்ளஸ் என்ற அமெரிக்க ஒலிப் பொறியாளர் அதற்கென்றே ஒரு பெட்டி செய்திருந்தார். விசையை அழுத்தினால் விதவிதமான சிரிப்பு. உள்ளே என்ன இருக்கிறதென்று யாருக்கும் தெரியாதபடி பூட்டியே வைத்திருந்தார். எங்களிடம் பூட்டெல்லாம் இல்லை. ஹார்டு டிஸ்க்கில் ‘சிரிப்பு பெருசு’, ‘சிரிப்பு பெருசு புதுசு’, ‘சிரிப்பு பெருசு புதுசு பைனல்’ என்று மூன்று கோப்புகள். மூன்றாவதன் நடுவில் யாரோ ஒருவர் நன்றாக இருமுவார். அந்த ஒரே இருமல் எங்கள் நிகழ்ச்சியில் ஒன்றரை வருஷம் ஓடியது. அவர் மருந்து சாப்பிட்டிருக்கலாம்.

இழவு வீட்டு விவகாரத்துக்குப் பிறகு ஒருநாள் ‘காதலிக்க நேரமில்லை’யை எத்தனையாவது முறையாகவோ பார்த்தேன். 1964-ல் ஸ்ரீதர் எடுத்த படம். நாகேஷ் பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்லும் காட்சி நம் எல்லோருக்கும் மனப்பாடம். ஆனால் யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம்? கதை சொல்கிறவரையா, கேட்கிறவரையா? பாலையா ஒன்றும் பெரிதாகப் பேசுவதில்லை. அந்த முகம் கொஞ்சம் கொஞ்சமாக வெளிறுவதுதான் காட்சி. நான் எடுத்திருந்தால், பேசுகிறவர் நாகேஷ்தானே என்று அவர் பேரிலேயே கேமராவை வைத்திருப்பேன். பாலையாவின் கை மட்டும் ஓரத்தில் தெரிந்திருக்கும். அன்று ராத்திரி எனக்குச் சரியாகத் தூக்கம் வரவில்லை.

இனி பச்சைப் புடவை அக்கா.

பட்ஜெட் தாளில் எங்கள் பார்வையாளர்கள் எந்தத் தலைப்பில் வருவார்கள் தெரியுமா? ‘செட்’. நாற்காலி எண்பது, ஆள் எண்பது. பூந்தமல்லிப் பக்கமிருந்து இரண்டு வேனில் வருவார்கள். பேட்டாவும் மதியச் சாப்பாடும். முதலாவது நடிகர் மேக்கப் போடும் முன்பே அவர்களை உட்காரவைத்து ரியாக்‌ஷன் எடுத்துவிடுவோம். காலி மேடையைப் பார்த்து, “இப்ப லேசா சிரிங்க... இப்பப் பெருசா... இப்ப ஆச்சரியம்... இப்பக் கண்ணு கலங்குங்க” என்று ஃப்ளோர் மேனேஜர் சொல்லுவார். இதில் பச்சைப் புடவை அக்கா மேதை. கேட்ட மாத்திரத்தில் தோளெல்லாம் குலுங்கும். அவர் சிரிப்பை நான் எல்லா இடத்திலும் போட்டேன். விளைவு, ஒரே எபிசோடில் அவர் இரண்டாம் வரிசையிலும் ஆறாம் வரிசையிலும் இருந்தார். மறைந்த கலைஞர் ஒருவருக்கு அஞ்சலி செலுத்திய பகுதியிலும், கவனக்குறைவாக, தோள் குலுங்க இருந்தார். நல்லவேளை, அழுகிறார் என்று எடுத்துக்கொண்டார்கள்.

ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் அவரிடம், “எந்த ஸ்கிட்டுக்கா உங்களுக்குப் பிடிச்சுது?” என்று கேட்டேன்.

“டி.வி.ல பாத்தாதான் சார் தெரியும்.”

“இங்கதானே உக்காந்திருந்தீங்க?”

“எங்க சார், முன்னாடி அந்த நீட்டக் கம்பி நிக்குதே.”

ஜிம்மி ஜிப். யானைத் துதிக்கை மாதிரி நீண்டு கூட்டத்தின் தலைக்கு மேல் ஆடும் கேமரா. அதைக் கேட்டு வாங்கியதே நான்தான், பிரம்மாண்டமாக இருக்கும் என்று. அக்காவின் நாற்காலியில் போய் உட்கார்ந்தேன். அந்த நாற்காலிகளில் நான் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை. ஜிப்பின் அடிப்பகுதி, அதை இயக்குபவரின் இடுப்பு, இடுப்பில் ஒரு சாவிக்கொத்து, அதற்கு அப்பால் மேடையின் ஒரு முக்கால் அடி. இரண்டு வருஷமாக அந்த நடுப்பகுதி ஆட்கள் ஒருவர் சாவிக்கொத்தைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்திருக்கிறார்கள்.

1951-ல் தொடங்கிய அமெரிக்க டி.வி. நகைச்சுவைத் தொடர் ‘ஐ லவ் லூசி’யிலேயே இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்துவிட்டார்கள். மூன்று சினிமாக் கேமராக்கள் ஒரே நேரத்தில் ஓட வேண்டும், எதிரே உட்கார்ந்திருக்கும் ஜனங்களுக்கு நாடகமும் தெரிய வேண்டும். ஆகவே இருக்கைகளைப் படிப்படியாக மேலே ஏற்றி, கேமராக்களைக் கீழே உருள விட்டார்கள். ஒளிப்பதிவாளர் கார்ல் ஃப்ராய்ண்ட், ஜெர்மனியில் ‘மெட்ரோபொலிஸ்’ படத்தில் வேலை செய்த கை. எந்தக் கேமரா எங்கே திரும்பினாலும் விளக்கை மாற்ற வேண்டாதபடி மேலிருந்து சமமாக வெளிச்சம் போட்டார். அதே கேள்விக்கு அறுபது வருஷம் கழித்து என் பதில், எண்பது பேர் மூக்குக்கு முன்னால் ஒரு கிரேன்.

ஜனங்கள் சிரிக்காவிட்டால் ஜனங்கள் பேரில் பழி போடுவதிலும் நான் முன்னணியில் இருந்தேன். “இன்னிக்கு ஆடியன்ஸ் டல்லுப்பா” என்று சொல்லாத நாள் குறைவு. பிரிட்டிஷ் நகைச்சுவை நடிகர் ஜான் கிளீஸுக்கு மட்டும் இதைச் சொல்ல உரிமை உண்டு. அவர் நடித்த பிபிசியின் ‘ஃபால்டி டவர்ஸ்’ மொத்தமே 12 பகுதிகள். ஒரு பகுதியைப் பதிவு செய்த அன்று முன்வரிசைகளில் ஐஸ்லாந்து ஒளிபரப்புக் கழகத்து விருந்தாளிகள் உட்கார்ந்திருந்தார்களாம். மரியாதையான மனிதர்கள், சிரிப்பு மட்டும் வரவில்லை. பிற்பாடு அவரே சொல்லி வருத்தப்பட்டிருக்கிறார். எனக்கு வந்தவர்கள் பூந்தமல்லி. நான் பேசுகிற அதே தமிழ்.

ஜிப்பை அப்புறப்படுத்தினேன். ஹால் ஸ்பீக்கரையும் ஏற்றச் சொன்னேன். அண்ணன், “கொஞ்சநாளா ஏத்தித்தான் சார் வச்சிருக்கேன், நீங்க கவனிக்கல” என்றார். ஒரு மாதமாக, நாளுக்கு ஒரு கோடு வீதம், பிள்ளைக்குச் சோற்றில் மருந்து கலக்குவது மாதிரி ஏற்றியிருக்கிறார்.

திருந்தியவன் கதை என்று நினைத்துவிடாதீர்கள். சத்தம் கேட்க ஆரம்பித்ததும் புது வியாதி வந்தது. சிரிப்பு வராத ஒவ்வொரு விநாடியும் எனக்கு வியர்த்தது. ஒரு மாலை, கோவைப் பக்கத்துப் பையன் ஒருவன் நிதானமாக ஒரு கதைக்கு அடித்தளம் போட்டுக்கொண்டிருந்தான். ஒரு நிமிஷமாக ஹாலில் சத்தமே இல்லை. ஃப்ளோர் மேனேஜர் காதுக்கு மட்டும் போகும் டாக்பேக்கில் சொன்னேன்: “மொக்க போடுறான்யா, சீக்கிரம் முடிக்கச் சொல்லு.”

அவசரத்தில் நான் அழுத்தியிருந்தது டாக்பேக் பொத்தான் இல்லை. அதற்குப் பக்கத்தது, ஹால் ஒலிபெருக்கிப் பொத்தான்.

ஆகாசவாணி மாதிரி மேலிருந்து ஒலித்தது. எண்பது பேரும் அண்ணாந்து பார்த்தார்கள். பையன் மைக்கைக் கீழே இறக்கினான். அவனும் அண்ணாந்தான். நான் மேலே சொன்ன மேடு, உச்சி, காத்திருத்தல் எல்லாம் அவன் உடம்பில் இருந்தது. ஒன்று, இரண்டு, மூன்று விநாடி. பிறகு மைக்கைத் தூக்கி, “சரிங்ணா. பேட்டா மட்டும் கொறச்சுராதீங்ணா” என்றான்.

அன்று எழுந்த சிரிப்பு, நான் இருந்த காலத்தில் அந்த ஹாலில் எழுந்ததிலேயே பெரியது. ‘சிரிப்பு பெருசு’ கோப்பில் இல்லாத ரகம். இருமல்காரர் இருந்திருந்தால் மூச்சு முட்டியிருப்பார். நான் செய்ய வேண்டியது ஒன்றே ஒன்று. அவன் முகம். கேமரா ரெண்டில் அட்டகாசமாக நிற்கிறது, தம்பியின் விரல் அந்தப் பொத்தானின் மேலேயே இருக்கிறது, என் வாயிலிருந்து ஓர் எண் வர வேண்டும். வரவில்லை. அந்தப் பதினைந்து விநாடியும் ஒளிபரப்புக்குப் போன படத்தில் இருந்தது கேமரா அஞ்சு, மேல்கூரை சீரியல் லைட்.

கடைசியாக அம்மா விஷயம்.

‘ஐ லவ் லூசி’ நாயகி லூசில் பாலின் அம்மா தன் மகளின் பதிவுகளுக்கெல்லாம் வந்து கூட்டத்தில் உட்காருவாராம். மகள் வம்பில் மாட்டப்போகும் இடத்தில் அவர் “அ-ஓ” என்று பதறுவது பல பகுதிகளில் ஒலிப்பதிவிலேயே விழுந்திருக்கிறது. இதைப் படித்ததும் எனக்கும் ஓர் ஆசை. ஊரிலிருந்து அம்மாவை வரவழைத்து மூன்றாம் வரிசை ஓரத்தில் உட்காரவைத்தேன். ரியாக்‌ஷன் எடுக்கும் கேமரா நாலை ரகசியமாக அம்மா பேரிலேயே நிறுத்தச் சொல்லிவிட்டேன். அன்று முழுக்க நான் ஸ்கிட் ஒன்றையும் பார்க்கவில்லை, நாலாவது மானிட்டரை மட்டுமே பார்த்தேன். அம்மா கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு, பஸ்ஸுக்குக் காத்திருப்பவர் மாதிரி உட்கார்ந்திருந்தார். ஒரு மணி நேரம். ஏ.சி.க்குத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டார்.

ஐந்தாவது ஸ்கிட்டில், நடந்தது. வாய் விரிந்தது, கண் இடுங்கியது, தலை லேசாகப் பின்னால் சாய்ந்தது, கையை வாய்க்கு முன்னால் கொண்டுபோனார். “நாலு! நாலு! நாலு!” என்று எழுந்தே நின்றுவிட்டேன். மேடையில் யார் என்ன சொன்னார்கள் என்று இன்றுவரை தெரியாது. தம்பி அழுத்தினான். அந்த வாரம் அது ஒளிபரப்பானது. பிற்பாடு ப்ரோமோவிலும் போட்டோம், மூன்றாவது கோப்புச் சிரிப்போடு.

ப்ரோமோவை அம்மாவுக்குப் போனில் போட்டுக் காட்டினேன். “பாத்தியாம்மா, எப்பிடிச் சிரிக்கிற?”

அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு தடவை பார்த்தார்.

“கொட்டாவிடா அது.”